மேல் ஓடு, கீழ் ஓடு

என் தங்கை நீலாயதாட்சி எட்டு வருஷத்தில் எனக்கு ஒரு கடிதம்கூட எழுதவில்லை. ஆனால் வருஷத்துக்கு ஒரு முறை அரியலூர் முத்திரையோடு தபாலில் ஒரு பழுப்பு உறை வரும். உள்ளே ஆங்கிலத்தில் அச்சான பத்துப் பன்னிரண்டு பக்கங்கள் இருக்கும். அவள் எழுதிய ஆராய்ச்சிக் கட்டுரை. உறையின்மேல் ‘வைத்தியலிங்கம் பிள்ளை அவர்கள், மேலவீடு’ என்று என் விலாசம் அவள் கையெழுத்தில் இருக்கும். நலமா என்றுகூட ஒரு வார்த்தை இருக்காது. நானும் பதில் போட்டதில்லை.

ஆனால் படித்தேன். கதவைச் சாத்திக்கொண்டு, அகராதியை மடியில் வைத்துக்கொண்டு, வரி வரியாகப் படித்தேன். நான் இன்டர்மீடியட் வரை படித்தவன். முதல் கட்டுரையை முடிக்க எனக்கு ஒரு குறுவையும் ஒரு சம்பாவும் ஆயிற்று. இது என் மனைவி விஜயத்துக்கு மட்டும்தான் தெரியும்.

தங்கை எழுதுவதெல்லாம் ஒரே உயிரைப் பற்றித்தான். பிராக்கியோபாடு என்று பெயர். பார்க்கக் கடற்கரையில் கிடக்கும் சிப்பி மாதிரி இருக்கும். ஆனால் சிப்பி இல்லை. சிப்பியின் இரண்டு ஓடுகளும் இடது கையும் வலது கையும் போல ஒன்றுக்கொன்று சோடி. இதற்கோ ஒன்று மேல் ஓடு, மற்றது கீழ் ஓடு. இரண்டும் ஒரே அளவு இல்லை. கீழ் ஓடு பெரியது. அதன் நுனியில் ஒரு துளை இருக்கும். அந்தத் துளை வழியாக ஒரு காம்பு வெளியே வந்து பாறையைப் பிடித்துக்கொள்ளும். பிடித்த இடத்தைவிட்டு அது நகர்வதில்லை. ஓட்டுக்குள்ளே சுருட்டி வைத்த கை மாதிரி ஓர் உறுப்பு. அதில் மயிரிழை போன்ற விரல்கள். அவை அசைந்து அசைந்து தண்ணீரை உள்ளே இழுக்கும். தண்ணீரோடு வருகிற தூசியில் தின்னக்கூடியது எதுவோ அதுதான் சாப்பாடு.

ஐம்பது கோடி வருஷமாக இந்தக் குலம் இருக்கிறது என்று எழுதியிருந்தாள். ஒரு காலத்தில் கடலின் தரை முழுவதும் இவற்றின் குடியிருப்புதான். இருபது கோடி வருஷத்துக்கும் முன்னால் ஏதோ ஒரு பேரழிவு வந்து பெரும்பாலானவை போய்விட்டன. அவை இருந்த இடத்தில் சாதாரணச் சிப்பிகள் வந்து உட்கார்ந்துகொண்டன. மிச்சம் இருந்தவை ஆழத்துக்கும் ஓரத்துக்கும் ஒதுங்கின. அந்தப் பக்கத்தை நான் இரண்டு முறை படித்தேன். நில உச்சவரம்பைக் குறைத்துச் சட்டம் வந்த வருஷம் அது.

நீலா என்னைவிடப் பதினெட்டு வயது இளையவள். அவளைப் பெற்ற மூன்றாம் மாதம் அம்மா போனாள். அப்பாவும் அதிக நாள் இல்லை. எனக்கும் விஜயத்துக்கும் பிள்ளை இல்லாததால் அவள்தான் எங்களுக்குப் பிள்ளை. சிதம்பரத்துக்கு விலங்கியல் எம்.எஸ்சி. படிக்க அனுப்பினேன். வயசுப் பெண்ணை வெளியூரில் விட்டுப் படிக்க வைக்கிறான் என்று பங்காளிகள் பேசினார்கள். மேலவீட்டுப் பெண் எங்கே இருந்தாலும் மேலவீட்டுப் பெண்தான் என்று சொல்லி அவர்கள் வாயை அடைத்தேன்.

ஒரு விடுமுறைக்கு அவள் கண்ணாடி ஜாடி ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்தாள். பரங்கிப்பேட்டைக் கழிமுகத்துச் சேற்றில் எடுத்ததாம். உள்ளே கட்டைவிரல் நகம்போல இரண்டு பச்சை ஓடு, அதன் அடியில் புழு மாதிரி நீளமான காம்பு.

“இது லிங்குலாண்ணே. பிராக்கியோபாடுல இது ஒரு வகை. சேத்துல செங்குத்தா குழி பறிச்சுக்கிட்டு நிக்கும். தொட்டா சட்டுனு உள்ளே போயிடும்.”

“சைவ வீட்டுக்குள்ளே இதைக் கொண்டாந்து வச்சிருக்கியே, இதுக்கு என்னடி சாப்பாடு போடறது?” என்றாள் விஜயம்.

“உப்புத் தண்ணி மாத்தினா போதும் அண்ணி.”

“அப்ப நம்ம வீட்டு ஆம்பளைங்களுக்கு இது தேவலை.”

1963-இல் அரியலூரில் ஒரு பெண்கள் பள்ளியில் அவளுக்கு ஆசிரியை வேலை கிடைத்தது. அங்கே சுண்ணாம்புக்கல் வெட்டும் பள்ளங்களில் அவளுடைய பிராக்கியோபாடுகள் கல்லாகிக் கிடந்தன. அந்த ஊரே ஏழு கோடி வருஷத்துக்கு முன் கடலுக்கு அடியில் இருந்ததாம். ஒரு சுரங்கத்தில் இராஜாங்கம் என்பவர் நிலவியல் படித்துவிட்டு வேலையில் இருந்தார். குத்தாலம் பக்கத்துக்காரர். அவருடைய தகப்பனார் அங்கே ஒரு மிராசுதார் வீட்டில் பண்ணையாள். அவர்கள் இருவரும் ஐயர் இல்லாமல், ஓமம் இல்லாமல், ஒரு கூடத்தில் நாலு பேர் முன்னால் மாலை மாற்றிக்கொண்டார்கள். தேதி குறித்து எனக்கு ஒரு கார்டு வந்தது. நான் போகவில்லை. பங்காளிகளைக் கூட்டி வைத்துக்கொண்டு, அது கல்யாணமே இல்லை என்றேன். மேலவீட்டில் அப்படி ஒரு பெண்ணே இல்லை என்றும் சொன்னேன். சொன்னது சொன்னதுதான். அன்றைக்கு நான் அப்படி இருந்தேன்.

பிறகு ஆட்சி மாறியது. மாலை மாற்றிக்கொண்ட கல்யாணமெல்லாம் சட்டப்படி செல்லும் என்று புது சர்க்கார் சொல்லிவிட்டது. கீழ்வேளூர்ப் பக்கத்தில் அறுவடை என்றால் போலீஸ் லாரியும் கூடவே வந்தது. கூலிக்காக ஒரு கொடி, குத்தகைக்காக ஒரு கொடி. அடுத்தாற்போல் ஒரு குடும்பத்துக்குப் பதினைந்து ஏக்கர்தான் என்று வந்தது. எனக்கு இருபத்து நாலு.

எங்கள் வக்கீலின் குமாஸ்தா சாமா ஒரு நாள் குடையை மடக்கிக்கொண்டே உள்ளே வந்தார். “பிள்ளைவாள், ஒம்பது ஏக்கரை உங்க தங்கைக்கு மஞ்சக்காணியா கொடுத்ததாக் காட்டிடலாம். கல்யாணத்தப்பவே கொடுத்தாச்சு, அவா அனுபவத்துல இருக்கு. பொண்ணுக்கு மஞ்சள் குங்குமத்துக்குன்னு பொறந்தாத்துல கொடுத்த நிலத்தை சர்க்கார் என்ன பண்ணும்?”

“எந்தக் கல்யாணத்தப்போ?” என்றேன்.

“நடந்தது ஒண்ணுதானே?” என்றார் சாமா, என் முகத்தைப் பார்க்காமல்.

சம்மதித்தேன். நிலத்துக்காகத்தான். ஆனால் முழுக்க நிலத்துக்காக என்று சொன்னால் பொய். சாமா எழுதியதை வாசித்துக் காட்டினார். ‘என் தங்கை நீலாயதாட்சியின் விவாக காலத்தில் நான் மனமுவந்து கொடுத்த...’ அந்த இடத்தை இன்னொரு தரம் வாசிக்கச் சொன்னேன். வாய்க்கால் தலைப்பில் இருக்கும் ஒன்பது ஏக்கர், எங்களுடையதில் முதல் தரமான நிலம். நான் பந்தலில் நின்று அதை அவள் கையில் கொடுத்த மாதிரி காகிதத்தில் இருந்தது. எழுதின மை காய்வதற்குள் எனக்கே அது நடந்தது மாதிரி ஆகிவிட்டது.

“மாப்பிள்ளை பேரைச் சொல்லுங்கோ,” என்றார் சாமா.

நான் வெற்றிலைக்குக் காம்பு கிள்ளிக்கொண்டிருந்தேன்.

“பிள்ளைவாள்?”

“தகப்பனார் பேரைப் போடும்.”

“கல்யாணமான பொண்ணுக்கு ஆம்படையான் பேரைப் போடறதுதான்...”

“போடும்னு சொன்னேன்.”

போட்டார். இன்னார் குமாரத்தி நீலாயதாட்சி என்று.

விசாரணைக்கு அப்துல் மஜீது என்ற அதிகாரி வந்தார். கீழ்வேளூர் சாவடியில் முகாம். நிலம் கொடுத்தவரும் வாங்கியவரும் நேரில் வரவேண்டும் என்று எனக்கும் நோட்டீஸ், அவளுக்கும் நோட்டீஸ். தேதி வந்ததிலிருந்து எனக்கு நிலத்தின் நினைப்பே இல்லை. எட்டு வருஷத்தில் அவள் இளைத்திருப்பாளா, கண்ணாடி போட்டிருப்பாளா என்றுதான் ஓடிக்கொண்டிருந்தது. காலையில் புறப்படும்போது விஜயத்திடம், “இன்னிக்கு ஒரு இலை அதிகமாப் போடு,” என்றேன். அவள் என்னை ஒரு தரம் பார்த்துவிட்டு உள்ளே போனாள்.

சாவடியில் நல்ல கூட்டம். மிராசுதார்கள் பெஞ்சில், குத்தகைக்காரர்களும் சங்கத்துக்காரர்களும் சிவப்புத் துண்டோடு வாசலில். நீலா வந்தாள். காதோரம் நரைத்திருந்தது. கண்ணாடியும் போட்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் கை குவித்தாள்; அதற்குள் அவளைக் கூப்பிட்டுவிட்டார்கள். இராஜாங்கம் உள்ளே வரவில்லை. எதிரே சைக்கிள் கடை ஓரத்துப் பூவரச மரத்தடியில் ஒரு துணிப்பையோடு நின்றுகொண்டிருந்தார்.

அதிகாரி காகிதத்தை முன்னும் பின்னும் புரட்டினார்.

“கல்யாணத்துக்குக் கொடுத்ததுன்னு எழுதியிருக்கீங்க. கல்யாணம் இருக்கு. பொண்ணு இருக்கு. மஞ்சக்காணி இருக்கு. மாப்பிள்ளையை எங்கே காணோம்?”

வாசலில் சிரித்தார்கள்.

“எழுதறச்சே விட்டுப்போச்சு சார்,” என்றார் சாமா.

“ஒம்பது ஏக்கருக்கும் சர்வே நம்பர் ஒண்ணு விடாம வந்திருக்கே. மாப்பிள்ளை பேர் மட்டும் விட்டுப்போகுமா?”

“மாப்பிள்ளையை உபரியாக் கழிச்சுட்டாங்க போல சார்!” என்று வாசலிலிருந்து ஒரு குரல் வந்தது. இந்தத் தடவை பெஞ்சில் இருந்தவர்களும் சிரித்தார்கள். நான் நிமிர்ந்தபடியே உட்கார்ந்திருந்தேன். முதுகை நிமிர்த்தத்தான் எனக்குத் தெரியும், வளைக்கத் தெரியாது.

அதிகாரி நீலாவிடம் திரும்பினார். “நீங்க சொல்லுங்கம்மா. உங்க வார்த்தையைத்தான் நான் எழுதிக்கணும். உங்க கல்யாணத்தப்போ அண்ணன் இந்த நிலத்தை உங்களுக்குக் கொடுத்தாரா?”

அவள் என்னைப் பார்த்தாள். எனக்கு அவள் கட்டுரைகள் தெரியும். ஓட்டின் நீளத்தை அரை மில்லிமீட்டர் வரை அளந்து எழுதுகிறவள். ஓரம் உடைந்திருந்தால் அளக்கவில்லை என்று எழுதுவாள். முந்நூற்று நாற்பது கற்களில் பதினொன்று எந்த இனம் என்று தனக்குத் தெரியவில்லை என்று அச்சில் ஒப்புக்கொண்டவள். அவள் இப்போது எனக்காக ஆமாம் என்று சொல்லப்போகிறாள். அவள் முகத்தில் அது எழுதி ஒட்டியிருந்தது. அவளுக்குப் பத்து வயது இருக்கும்போது, நான் ஆசையாக வைத்திருந்த கடிகாரத்தை விஜயம் கீழே போட்டு உடைத்தபோது, நான்தான் உடைத்தேன் என்று வந்து நின்றாளே, அதே முகம்.

“கொடுக்கலை சார்,” என்றேன்.

“ஐயையோ, பிள்ளைவாள்!” சாமா என் அங்கவஸ்திரத்தைப் பிடித்து இழுத்தார்.

“கொடுக்கலை. அந்தக் கல்யாணத்துக்கே நான் போகலை. கொடுத்திருக்கணும். பேர் விட்டுப்போகலை, எழுதவேண்டாம்னு சொன்னது நான்தான். அந்தம்மாவுக்கு இதுல எதுவும் தெரியாது.”

மேலவீட்டுப் பெண் நிலத்துக்காகப் பொய் சொன்னாள் என்று ஊரில் ஒரு பேச்சு இருக்கக்கூடாது. என்னைப் பற்றி இருந்தால் இருந்துவிட்டுப் போகட்டும். அதிகாரி பேனாவை மூடி வைத்தார். “அப்ப ஒம்பதும் உச்சவரம்புக்கு மேலதான்,” என்றார். ஆமாம் என்றேன்.

வெளியே வந்து சாவடி மதிலோரம் நின்றேன். பின்னாலேயே வந்தாள்.

“ஏண்ணே அப்படிச் சொன்னீங்க? நான் ஆமான்னுதான் சொல்ல வந்தேன்.”

“தெரியும்.”

“ஒம்பது ஏக்கர்ண்ணே. வாய்க்கால் தலைப்பு.”

எட்டு வருஷமாக அவளிடம் சொல்ல வைத்திருந்தது எவ்வளவோ. அதில் ஒன்றும் வாயில் வரவில்லை. வந்தது இதுதான்: “போன வருஷத்துக் கட்டுரையில ஏழாவது படம். மேல் ஓட்டைக் கீழ் ஓடுன்னு போட்டிருக்கு. துளை கீழ் ஓட்டுலதானே இருக்கணும்? பேர் மாறி அச்சாயிருக்கு.”

அவள் அப்படியே நின்றாள். “படிச்சீங்களா?”

“எட்டும்.”

வாயைக் கையால் பொத்திக்கொண்டாள். சிரிக்கிறாள் என்று நினைத்தேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தபோதுதான் தெரிந்தது. “அண்ணே, அதை இந்த தேசத்துலயே அஞ்சு பேர் படிச்சிருக்க மாட்டாங்க.”

“அந்த அஞ்சுல நான் ஒருத்தன்னு வச்சுக்க. ஒண்ணு மட்டும் புரியலை. கடற்கரையில சிப்பியெல்லாம் தனித்தனி ஓடாத்தானே கிடக்கு. உன்னோடது கல்லான பிறகும் ரெண்டு ஓடும் சேர்ந்து மூடியே கிடக்குதே, ஏன்?”

பள்ளிக்கூடத்தில் சொல்லுவதுபோல இரண்டு உள்ளங்கைகளையும் ஒன்றின்மேல் ஒன்றாக வைத்துக் காட்டினாள். “சிப்பிக்கு மூடத்தான் சதை. திறக்கிறதுக்கு வில்லு மாதிரி ஒரு நார் இருக்கு. செத்துப்போனா சதை தளர்ந்து, அது தானாத் திறந்துக்கும். இதுக்கு அப்படி இல்லண்ணே. மூடவும் சதை வேணும், திறக்கவும் சதை வேணும். உசிர் இருந்தாத்தான் திறக்க முடியும்.”

கைகளை இறக்கினாள்.

“அண்ணி எப்படி இருக்காங்க?”

“சமைச்சு வச்சுக் காத்துக்கிட்டு இருக்கா. வா.”

“எத்தனை இலை போடச் சொல்லியிருக்கீங்க?”

பொய் சொல்லியிருக்கலாம். சொல்லிவிட்டு வீட்டுக்குப் போய் இன்னொரு இலை அறுத்திருக்கலாம். ஆனால் அந்த ஒரு நொடியில் என் கண் முன்னால் பங்காளிகளின் நாலு வீட்டு வாசலும் வரிசையாக நின்றன.

“அதிகமா ஒண்ணு,” என்றேன்.

அவள் பூவரச மரத்தைப் பார்த்தாள். “அப்ப வேண்டாம்ண்ணே,” என்றாள். குரலில் கோபமே இல்லை. இருந்திருந்தால் எனக்குத் தேவலையாக இருந்திருக்கும். தஞ்சாவூர் பஸ் வந்து நின்றது. ஏறப் போனவள் திரும்பி, “ஞாயித்துக்கிழமைன்னா நாங்க ரெண்டு பேரும் வீட்லதான் இருப்போம்,” என்று சொல்லிவிட்டு ஏறிக்கொண்டாள். இராஜாங்கம் அவளுக்கு ஜன்னலோரம் விட்டு உட்கார்ந்தார்.

வீட்டில் நடந்ததைச் சொன்னேன். விஜயம் எனக்கு மட்டும் இலை போட்டாள். “ஒம்பது ஏக்கரை விட முடிஞ்சுது. ஒரு இலையைப் போட முடியலை,” என்றாள்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை, கோர்ட் விஷயம் என்று சொல்லிவிட்டுத் தஞ்சாவூர் வரை போனேன். ஞாயிற்றுக்கிழமை எந்தக் கோர்ட் என்று விஜயம் கேட்கவில்லை. பஸ் ஸ்டாண்டில் அரியலூர் பஸ் நிற்குமிடத்துக்கு எதிரே ஒரு ஹோட்டலில் காபி சாப்பிட்டேன். மூன்று பஸ்கள் என் கண் முன்னால் புறப்பட்டுப் போயின. திரும்பிவிட்டேன். அதற்கடுத்த வாரமும் அப்படித்தான். அதற்கடுத்த வாரம் ஒரு கால் படியில் வைத்தேன். உள்ளே குத்தாலம் பக்கத்துத் தெரிந்த முகம் ஒன்று இருந்தது; காலை எடுத்துக்கொண்டேன். நாலாவது ஞாயிறு விஜயம் வெற்றிலைச் செல்லத்தைத் துடைத்துக்கொண்டே, “இன்னிக்கும் கோர்ட்தானே? நீலாவுக்குக் கொஞ்சம் மாவடு எடுத்து வச்சிருக்கேன், கோர்ட்டுல கொடுத்துடுங்க,” என்றாள்.

அன்று ஏறினேன். கொள்ளிடத்தைத் தாண்டியதும் நிலம் மாறிவிட்டது. நாற்றங்கால் இல்லை, வாய்க்கால் இல்லை. பனையும் முள்ளும் வெளுத்த மண்ணும்தான். இந்த வறண்ட பூமியிலா இவள் எட்டு வருஷம் இருந்தாள் என்று இருந்தது. இதன் அடியில்தான் அவளுடைய கடல் இருக்கிறது என்பதும் நினைவுக்கு வந்தது.

சுரங்கத்துக்காரர்கள் குடியிருக்கும் ஓட்டு வீட்டு வரிசையில் மூன்றாவது வீடு. கூடத்தில் தீப்பெட்டிகளும் சிகரெட் டின்களும் சுவர் உயரம் அடுக்கியிருந்தன. ஒவ்வொன்றிலும் ஒரு கல், ஒரு சீட்டு. நீலா தரையில் உட்கார்ந்து பல் துலக்கும் பிரஷ்ஷால் ஒரு கல்லைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து பார்த்தாள். ஆச்சரியப்படவில்லை.

“வாங்கண்ணே. கால் கழுவிட்டு வாங்க. சாப்பாட்டு நேரம்.”

எவர்சில்வர் தட்டு வைத்தார்கள். எனக்கு எதிரே நீலா உட்கார்ந்தாள். இராஜாங்கம் உட்காரவில்லை. கரண்டியைக் கையில் வைத்துக்கொண்டு சுவரோரம் நின்றார். என் எதிரே உட்காரக் கூச்சப்படுகிறார் என்று எண்ணினேன். அவருடைய தகப்பனார் குத்தாலத்தில் யாரோ ஒருவர் எதிரே ஆயுள் முழுவதும் இப்படித்தான் நின்றிருப்பார். பிசைந்த சோற்றிலிருந்து கையை எடுத்தேன்.

“உட்காருங்க,” என்றேன். “நீங்க உட்கார்ந்தாத்தான் நான் சாப்பிடுவேன்.”

நீலா சிரித்துவிட்டாள். “அண்ணே, இன்னிக்கு அவர் சமையல். சமைச்சவங்கதான் பரிமாறணும்னு இந்த வீட்ல சட்டம். நேத்து நான் நின்னேன்.”

“உச்சவரம்பைவிடக் கெட்டியான சட்டம்ங்க,” என்றார் இராஜாங்கம். “இதுல தங்கச்சி பேர்ல மாத்தி எழுதறதெல்லாம் நடக்காது.”

முகம் சுட்டது. அவர் முகத்தில் குத்தல் இல்லை, சிரிப்புதான். நானும் சிரித்தேன் என்று நினைக்கிறேன். சாம்பாரில் உப்புக் குறைவு. சொல்லவில்லை. இன்னொரு கரண்டி கேட்டு வாங்கிக்கொண்டேன்.

சாயங்காலம் பஸ் ஏற்றிவிட இருவரும் வந்தார்கள். வீட்டுக்கு வாருங்கள் என்று சொல்லிவிட வாயெடுத்தேன். இரண்டே வார்த்தை. வழியெல்லாம் அதைத்தான் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்திருந்தேன். வரவில்லை. அவளும் கேட்கவில்லை.

“அடுத்த வாரம் விஜயத்தையும் கூட்டிக்கிட்டு வர்றேன்,” என்றேன்.

“வாங்கண்ணே,” என்றாள்.

பஸ் கிளம்பும்வரை ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள். விரல்களில், சாப்பிட்ட பிறகு மறுபடி கல்லைத் தேய்த்த தூள். அவளுக்கு ஏழெட்டு வயது வரை அந்த விரல்களுக்கு நான்தான் நகம் வெட்டிவிடுவேன். வெட்டி முடிக்கும்வரை கண்ணை இறுக்கி மூடிக்கொண்டிருப்பாள். கண்டக்டர் விசில் கொடுத்தார். கையை எடுத்தாள்.

கொள்ளிடம் தாண்டி வயல் தெரிய ஆரம்பித்தபோதும் கம்பியில் நாலு விரல் அகலத்துக்கு அந்தத் தூள் வெள்ளையாக ஒட்டிக்கொண்டிருந்தது. பக்கத்தில் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தவர் தன் சட்டையில் படுகிறதே என்று துடைக்கப் போனார். இருக்கட்டும் என்று சொல்லி, அவரிடம் இடம் மாற்றிக்கொண்டு நான் அந்தப் பக்கம் உட்கார்ந்துகொண்டேன்.